வாராமையும் தள்ளுபடியும்: நீதிமன்றத் தமிழில் ஒரு சொல்லின் பொருள்மயக்கம்

ஆய்வுச் சுருக்கம்

உரிமையியல் வழக்கில் தரப்பினர் குறித்த நாளில் வாராதபோது நீதிமன்றம் வழக்கைத் தள்ளுபடி செய்கிறது. வழக்கை முழுதும் விசாரித்து, கோரிக்கை மெய்ப்பிக்கப்படவில்லை என்று கண்டபோதும் தள்ளுபடி செய்கிறது. இவ்விரண்டும் சட்டத்தின் பார்வையில் வெவ்வேறானவை. விளைவிலும் தீர்விலும் வேறுபட்டவை. தமிழ் வழக்கிலோ இரண்டுக்கும் ஒரே சொல் ஆளப்படுகிறது. இதனால் வாராமையால் வழக்கிழந்தவர் தாம் தோற்றுவிட்டதாகக் கருதி, சட்டம் தந்த 30 நாள் வாய்ப்பை இழக்க நேர்கிறது. இக்கட்டுரை ‘தள்ளுபடி’, ‘ஒருதலைப்பட்சம்’, ‘முன்னிலை’ ஆகிய சொற்களை மொழியியல், இலக்கிய, சட்ட நோக்கில் ஆராய்ந்து, பொருள் தெளிவு தரும் சொல்லாட்சிகளை முன்வைக்கிறது.

திறவுச்சொற்கள்

தள்ளுபடி, வாராமை, முன்னிலை, ஒருதலைத் தீர்ப்பாணை, போதிய காரணம், வழக்குரை காதை, சட்டத்தமிழ்.

முன்னுரை

சென்னை – அரக்கோணம் இருப்புப்பாதையில் திருநின்றவூரை அடுத்து அமைந்துள்ள ஊர் வேப்பம்பட்டு. திருவள்ளூர் மாவட்டத்தைச் சேர்ந்த இவ்வூர், வீட்டுமனைகள் பெருகிய புறநகர்ப் பகுதி. இங்குக் குடியிருப்போரில் பலர் அம்பத்தூர், ஆவடி, திருவள்ளூர், கும்மிடிப்பூண்டி எனப் பல திசைகளிலுள்ள தொழிற்பகுதிகளை நம்பி வாழ்பவர்கள். மனைகள் பெருகும் இடத்தில் எல்லைத் தகராறும் வழித் தகராறும் பத்திரத் தகராறும் எழுவது இயல்பு. அசையாச் சொத்து பற்றிய வழக்கை அச்சொத்து அமைந்துள்ள எல்லைக்குரிய நீதிமன்றத்தில் தொடுக்க வேண்டும் என்பது 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத் தொகுப்பின் 16-ஆம் பிரிவு வகுத்த நெறி. எனவே மனைக்குரியவர் எங்கு வேலை பார்த்தாலும் அவருடைய வழக்கு மனையிருக்கும் பகுதியின் நீதிமன்றத்திலேயே நடக்கும்.

வேப்பம்பட்டில் மனை வைத்திருக்கும் ஒருவர் கும்மிடிப்பூண்டி சிப்காட் வளாகத்தில் வேலை பார்ப்பதாகக் கொள்வோம். ஒரே மாவட்டமாயினும் இரு ஊர்களும் வெவ்வேறு இருப்புப்பாதைகளில் உள்ளன. ரயிலில் செல்வதானால் சென்னைப் பக்கம் வந்து வண்டி மாற வேண்டும். வாய்தா நாளில் நீதிமன்றம் செல்வதென்றால் அன்றைய வேலையை விட வேண்டும். தினக்கூலியாயின் அன்றைய கூலியையும் இழக்க வேண்டும். வழக்கறிஞர் முன்னிலையானால் போதும் என்று சட்டம் இசைவதால், அவரை நம்பி இவர் வேலைக்குப் போகிறார். அன்று வழக்கறிஞரும் வரவில்லை. சில நாள் கழித்து, ‘கேஸ் தள்ளுபடி ஆயிடுச்சு’ என்ற செய்தி மட்டும் வந்து சேர்கிறது.

இத்தொடரைக் கேட்பவர் என்ன பொருள் கொள்கிறார் என்பதே இக்கட்டுரை எழுப்பும் வினா. தம் கோரிக்கை நியாயமற்றது என்று நீதிபதி முடிவு செய்துவிட்டார் என அவர் எண்ணினால், அடுத்து அவர் செய்வதற்கு ஒன்றுமில்லை. யாரும் தம் வழக்கை இன்னும் கேட்கவே இல்லை என்று அறிந்தால், அடுத்து அவர் செய்ய வேண்டியது உண்டு. அதற்கு நாளும் குறிக்கப்பட்டுள்ளது. ஒரு சொல்லின் பொருள் மயங்குவதால் ஒருவருடைய மனையே கைவிட்டுப் போகக்கூடும் என்பதால், இது சட்டத்துறைக்கு மட்டுமன்றித் தமிழாய்வுக்கும் உரிய பொருளாகிறது.

தள்ளுபடி: சொல்லும் பொருளும்

‘செல்லுபடி’, ‘கட்டுபடி’, ‘தள்ளுபடி’ ஆகியன ஒரே வார்ப்பில் அமைந்த சொற்கள். வினைப்பகுதியுடன் ‘படி’ சேர்ந்து பெயராகி, ஒரு பொருள் ஏற்கப்பட்டதா விலக்கப்பட்டதா என்பதை உணர்த்துகின்றன. ‘செல்லுபடி’ என்பது ஏற்புடைமை; ‘தள்ளுபடி’ என்பது விலக்கம். இக்கால வழக்கில் தள்ளுபடி என்னும் சொல் குறைந்தது நான்கு பொருள்களில் வழங்குகிறது.

முதலாவது, விலைக்குறைப்பு. பண்டிகைக் காலத்தில் துணிக்கடை அறிவிப்புகளில் காணப்படுவது இது. இரண்டாவது, கடன் நீக்கம். ‘பயிர்க்கடன் தள்ளுபடி’ என்னும் தொடரில் கடன் தள்ளப்படுகிறது, கடன்பட்டவர் மகிழ்கிறார். மூன்றாவது, ஏற்க மறுத்தல். தேர்தல் காலத்தில் ‘வேட்புமனு தள்ளுபடி’ என்பதில் மனு ஆராயப்பட்டுக் குறை கண்டு விலக்கப்படுகிறது. நான்காவது, வழக்கு தள்ளுபடி.

முதலிரு பொருள்களிலும் தள்ளுபடி நன்மை, பின்னிரண்டிலும் இழப்பு. இவ்வேறுபாட்டைச் சூழலே காட்டிவிடுவதால் அங்கு மயக்கம் எழுவதில்லை. மயக்கம் நான்காம் பொருளின் உள்ளேயே இருக்கிறது. வேட்புமனு தள்ளுபடி என்ற தொடரால் பழகிய காதுக்கு ‘தள்ளுபடி’ என்றதும் ‘ஆராய்ந்து விலக்கப்பட்டது’ என்ற பொருளே தோன்றும். ஆராயாமலே விலக்கப்பட்டதையும் அதே சொல் குறிக்கும் என்பது தோன்றுவதில்லை. ‘தள்ளுபடி’ யார் தள்ளினார் என்பதைச் சொல்கிறது. ஏன் தள்ளினார் என்பதைச் சொல்வதில்லை.

நீதிமன்றத் தமிழின் சொல்லடுக்குகள்

இம்மயக்கத்தின் பின்னணியில் நீதிமன்றத் தமிழின் வரலாறு உள்ளது. இன்றைய நீதிமன்ற வளாகத்தில் வழங்கும் சொற்கள் பல அடுக்குகளாகப் படிந்தவை. ஆஜர், வாய்தா, தாவா, வக்கீல், நகல், அமீனா, ஜப்தி ஆகியவை அரபு, பாரசீக மூலமுடையவை. முகலாய, நவாப் ஆட்சிக்கால நிருவாக மொழியின் வழி வந்தவை. வாதி, பிரதிவாதி, சாட்சி ஆகியவை வடமொழி வழி வந்தவை. சம்மன், டிகிரி, அப்பீல், எக்ஸ்பார்ட்டி ஆகியவை ஆங்கிலேயர் ஆட்சியின் நீதிமுறையோடு நுழைந்தவை. இவற்றுக்கு மேல் அழைப்பாணை, தீர்ப்பாணை, மேல்முறையீடு, வழக்குரை, எதிருரை முதலிய ஆக்கச் சொற்கள் அமைந்துள்ளன. தமிழ்நாட்டில் 1956-ஆம் ஆண்டு ஆட்சிமொழிச் சட்டமும், கீழமை நீதிமன்றங்களில் தமிழுக்கு இடந்தந்த 1976-ஆம் ஆண்டுத் திருத்தமும் இவ்வாக்கச் சொற்களின் தேவையை மிகுவித்தன.

நீதிமன்றத்தின் மொழி மக்களுக்கு விளங்காமற்போவதன் கேட்டைத் தமிழில் முதலில் அழுத்தமாகப் பேசியவர்களுள் ஒருவர் மாயூரம் வேதநாயகம் பிள்ளை (1826 – 1889). முன்சீப்பாகப் பணியாற்றிய அவர், உயர்நிலை நீதிமன்றத் தீர்ப்புகளைத் தமிழில் தொகுத்துச் ‘சித்தாந்த சங்கிரகம்’ என்னும் நூலாக வெளியிட்டார். 1879-இல் வெளிவந்த அவருடைய ‘பிரதாப முதலியார் சரித்திரம்’ நாவலிலும் தமிழர் வழக்கு தமிழிலேயே நடைபெற வேண்டும் என்னும் கருத்து விரிவாக இடம்பெறுகிறது. அவர் காலத்துச் சிக்கல் வேற்றுமொழியால் விளைந்தது. இன்று எஞ்சியிருப்பதோ தமிழ்ச் சொல்லாலேயே விளையும் சிக்கல். ‘தள்ளுபடி’ யாவருக்கும் தெரிந்த சொல். தெரிந்த சொல் என்பதாலேயே அதன் பொருளை யாரும் கேட்டறிவதில்லை.

சட்டத்தில் வாராமையின் வகைகள்

தரப்பினர் வருதலும் வாராமையும் உரிமையியல் நடைமுறைச் சட்டத் தொகுப்பின் 9-ஆம் கட்டளையில் வகுக்கப்பட்டுள்ளன. அழைப்பாணையில் குறித்த நாளில் தரப்பினர் நேரிலோ வழக்கறிஞர் வழியாகவோ நீதிமன்றத்தில் இருக்க வேண்டும் என்பது முதல் விதி. அவ்வாறு இல்லாத நிலைகளைச் சட்டம் ஒன்றாகக் கருதவில்லை. யார் வரவில்லை என்பதைக் கொண்டு வேறுபடுத்துகிறது.

வாதி அழைப்பாணைக்குரிய கட்டணத்தைச் செலுத்தாததால், அதாவது நீதிமன்ற வழக்கில் ‘பேட்டா’ கட்டாததால், பிரதிவாதிக்கு அழைப்பாணை சேரவில்லையெனில் 2-ஆம் விதியின்படி வழக்கைத் தள்ளுபடி செய்யலாம். இரு தரப்பும் வரவில்லையெனில் 3-ஆம் விதியின்படி தள்ளுபடி செய்யலாம். இவ்விரு நிலைகளிலும் வாதிக்கு 4-ஆம் விதி இரு வாயில்களைத் திறந்து வைத்துள்ளது. காலவரையறைக்கு உட்பட்டுப் புதிய வழக்குத் தொடுக்கலாம். அல்லது போதிய காரணம் காட்டிப் பழைய வழக்கையே மீண்டும் கோப்பில் எடுக்கக் கோரலாம்.

பிரதிவாதி வந்து, வாதி மட்டும் வரவில்லையெனில் நிலைமை கடுமையாகிறது. பிரதிவாதி கோரிக்கையை ஒப்புக்கொண்டாலொழிய, 8-ஆம் விதியின்படி வழக்கு தள்ளுபடியாகும். ஒரு பகுதியை மட்டும் ஒப்புக்கொண்டால் அப்பகுதிக்குத் தீர்ப்பாணை கிடைக்கும். இவ்வாறு தள்ளுபடியான பின் அதே வழக்கு மூலத்தின் மேல் புதிய வழக்குத் தொடுப்பதை 9-ஆம் விதி தடுக்கிறது. எஞ்சியிருப்பது ஒரே வாயில்: தாம் வாராமைக்குப் போதிய காரணம் இருந்தது என்று மெய்ப்பித்துத் தள்ளுபடி ஆணையை நீக்கக் கோருதல். எதிர்த்தரப்புக்கு அறிவிப்புச் சார்பு செய்த பின்னரே அம்மனு மீது ஆணை பிறப்பிக்கப்படும். மனு மறுக்கப்பட்டால் 43-ஆம் கட்டளையின் கீழ் மேல்முறையீடு உண்டு.

வாதி வந்து, அழைப்பாணை முறையாகப் பெற்ற பிரதிவாதி வரவில்லையெனில் 6-ஆம் விதியின்படி அவரின்றியே வழக்கு விசாரிக்கப்படலாம். இதில் பிறக்கும் தீர்ப்பாணையை நீக்கக் கோரும் உரிமையை 13-ஆம் விதி பிரதிவாதிக்குத் தருகிறது.

இவ்விதிகளுக்கு அடிப்படையாக உள்ள வரையறை ஒன்று தமிழாய்வாளர் கவனத்துக்குரியது. ‘தீர்ப்பாணை’ என்பதை வரையறுக்கும் 2(2)-ஆம் பிரிவு, வாராமையால் பிறக்கும் தள்ளுபடி ஆணை தீர்ப்பாணை ஆகாது என்று வெளிப்படையாக விலக்குகிறது. வழக்கின் நியாயம் கேட்கப்படாததால் தரப்பினரின் உரிமை பற்றி அங்கு எதுவும் முடிவாகவில்லை. மேல்முறையீட்டிலும் இந்நெறியே பின்பற்றப்படுகிறது. மேல்முறையீட்டாளர் வரவில்லையெனில் 41-ஆம் கட்டளை 17-ஆம் விதியின்படி முறையீட்டைத் தள்ளுபடி செய்யலாமே தவிர, அவரின்றி அதன் நியாயத்துக்குள் புகுந்து தீர்ப்பளிக்கலாகாது என்று 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் விளக்கம் சேர்த்தது. சட்டம் இவ்வளவு விழிப்போடு பிரித்து வைத்த இரண்டையும் ‘தள்ளுபடி’ என்னும் ஒற்றைச் சொல் சேர்த்துவிடுகிறது.

சேர்த்ததன் விளைவு காலக்கணக்கில் தெரிகிறது. வாராமையால் தள்ளுபடியான வழக்கை மீட்க 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 122-ஆம் உறுப்பு தரும் காலம் 30 நாள். அது தள்ளுபடியான நாளிலிருந்து ஓடுகிறது. வாதி அறிந்த நாளிலிருந்து அன்று. அழைப்பாணை முறையாகச் சேராத பிரதிவாதிக்கு மட்டும் 123-ஆம் உறுப்பு, தீர்ப்பாணையை அறிந்த நாளிலிருந்து கணக்கிட இடந்தருகிறது. வழக்குத் தொடுத்தவர் தம் வழக்கின் நாளை அறிந்திருக்க வேண்டும் என்பது இவ்வேறுபாட்டின் அடிப்படை. தள்ளுபடி ஆணையை வாதிக்குத் தனியே அறிவிக்க வேண்டும் என்று 9-ஆம் கட்டளையும் கூறவில்லை. காலம் கடந்தபின் வருபவர், மீட்பு மனுவோடு தாமதத்தைப் பொறுத்தருளக் கோரும் 5-ஆம் பிரிவு மனுவையும் சேர்த்துத் தர வேண்டும். ஒவ்வொரு நாள் தாமதமும் அவர் சுமையைக் கூட்டும்.

குற்றவியலில் வாராமையின் விளைவு வேறு. அழைப்பாணை வழக்கில் முறையீட்டாளர் வரவில்லையெனில் எதிரியை விடுதலை செய்ய 1973-ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 256-ஆம் பிரிவு வழிசெய்தது. காசோலை வழக்குகளில் இப்பிரிவின் பயன்பாடு மிகுதி. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 279-ஆம் பிரிவு, முறையீட்டாளருக்கு 30 நாள் அவகாசம் தந்த பின்னரே இவ்வாறு செய்ய வேண்டும் என்று மாற்றியமைத்துள்ளது. வாராதவருக்கு முதலில் அறிவித்தல், பின்னர் ஆணையிடுதல் என்னும் நெறி அங்கு இடம்பெற்றுவிட்டது.

முன்னிலையும் படர்க்கையும்

‘ஆஜர்’ என்பதற்கு நேரான தமிழாக்கம் ‘முன்னிலை’. ‘வாதி முன்னிலையானார்’ என்பது சட்டத்தமிழ் வழக்கு. இலக்கணத்தில் தன்மை, முன்னிலை, படர்க்கை என்னும் மூவிடங்களுள் முன்னிலை என்பது பேசுவோன் எதிரே இருந்து கேட்போனைக் குறிக்கும். எதிரே இல்லாதவர் படர்க்கை. நீதிமன்றத்தில் பெயர் அழைக்கப்படும்போது இருப்பவர் முன்னிலை. அவரிடம் பேசலாம், கேட்கலாம். இல்லாதவர் படர்க்கையாகிவிடுகிறார், அவரைப் பற்றிப் பிறர் பேசுவதே எஞ்சுகிறது.

படர்க்கையாக்கப்பட்ட ஒருவன்மேல் தீர்ப்பு விழுந்ததன் கதை சிலப்பதிகாரம். கோவலன் பாண்டியன் அவைக்கு வந்தவன் அல்லன். பொற்கொல்லன் ஒருவனின் சொல் மட்டுமே அரசன் செவியை எட்டியது. குற்றம் சாட்டப்பட்டவன் வாய்திறக்கும் முன்பே தண்டனை முடிந்தது. அதன் பின்னர் வருவது வழக்குரை காதை. வாயிற்காவலன் வழி அறிவித்து அவை புகும் கண்ணகி, தன் ஊரையும் கணவனையும் கூறி, குறையை எடுத்துரைத்து, தன் சிலம்பின் பரல் மாணிக்கம் என்று சொல்லி உடைத்துக் காட்டுகிறாள். தரப்பினர் யார், குறை என்ன, சான்று எது என்னும் மூன்றும் இன்றைய வழக்குரையிலும் இருக்க வேண்டியவை. வழக்கின் தொடக்க ஆவணத்துக்குச் சட்டத்தமிழ் ‘வழக்குரை’ என்ற பெயரை ஆள்வது பொருத்தமானதே. எனினும் கண்ணகி நீக்கக் கோரிய ஆணை நிறைவேறிவிட்டது. தவறு வெளிப்பட்டும் அதனைத் திருத்த வழியில்லை. கேளாமல் பிறந்த ஆணைக்கு மீட்பு வழி இருக்க வேண்டியதன் தேவையை இதனினும் வலிமையாகக் காட்டும் தமிழ்ப் பனுவல் அரிது.

பெரியபுராணத்தின் தடுத்தாட்கொண்ட புராணம் இதன் மறுதலை. மணக்கோலத்தில் இருந்த நம்பியாரூரர் தம்மேல் தொடுக்கப்பட்ட அடிமை வழக்கை எதிர்கொள்ள வழக்காடியின் ஊராகிய திருவெண்ணெய்நல்லூருக்கே செல்கிறார். ஆட்சி, ஆவணம், அயலார் காட்சி என்னும் மூவகைச் சான்றுள் ஒன்றை அவையோர் கேட்கின்றனர். மூல ஓலை கொணரப்பட்டு, கையெழுத்து ஒப்புநோக்கப்பட்டு, இருவரும் இருக்க முடிவு பிறக்கிறது. தோற்றவர் அம்முடிவை ஏற்கிறார். இரு தரப்பும் முன்னிலையாகிப் பிறந்த முடிவுக்கும், ஒருவர் படர்க்கையாக இருக்கப் பிறந்த முடிவுக்கும் உள்ள வேறுபாட்டைத் தமிழ் மரபு அறிந்தே இருந்தது என்பதற்கு இவ்விரு பனுவல்களும் சான்று.

பிரதிவாதி வாராதபோது பிறக்கும் தீர்ப்பாணைக்கு வழங்கும் ‘ஒருதலைப்பட்சத் தீர்ப்பு’ என்னும் பெயரும் ஆராயத்தக்கது. திருக்குறளில் ‘ஒருதலை’ இரு பொருளில் வருகிறது. அமைச்சு அதிகாரத்தில் அது உறுதிப்பாட்டைக் குறிக்கிறது; தனிப்படர்மிகுதி அதிகாரத்தில் ஒருவர் பக்கம் மட்டும் நிற்கும் காமத்தைக் குறிக்கிறது. இக்கால வழக்கில் ‘ஒருதலைப்பட்சம்’ என்றால் நடுவுநிலை தவறுதல் என்றே பொருள். ஆகவே ‘ஒருதலைப்பட்சத் தீர்ப்பு’ என்று கேட்பவர், நீதிபதி எதிரிக்குச் சாய்ந்துவிட்டார் என்று கருத இடமுண்டு. உண்மையில் பிரதிவாதி இல்லாதபோதும் வாதி தம் வழக்கை மெய்ப்பித்தாக வேண்டும். குறை தரப்பினரின் வாராமையில் இருக்க, சொல் அதனை நீதிபதியின் மேல் ஏற்றுகிறது.

883 நாள்: ஒரு சென்னை வழக்கு

வாராமையின் விளைவு எத்துணைத் தொலைவு செல்லும் என்பதற்குச் சென்னையில் தோன்றி 1998-இல் உச்ச நீதிமன்றத்தில் முடிந்த ஒரு சொத்துரிமை வழக்கு தக்க சான்று. 1991 அக்டோபர் 28-இல் பிரதிவாதி வாராத நிலையில் தீர்ப்பாணை பிறந்தது. அதனை நீக்கக் கோரி அவர் ஒரு வழக்கறிஞரை அமர்த்தி மனுச் செய்தார். அம்மனுவும் 1993 பிப்ரவரி 17-இல் வாராமையால் தள்ளுபடியானது. வழக்கறிஞர் அதனைத் தெரிவிக்கவில்லை. 1995 ஜூலையில் நிறைவேற்றுகை நீதிமன்றத்திலிருந்து அழைப்பாணை வந்தபோது அவர் அதே வழக்கறிஞரிடம் சென்றார். தடையாணை இல்லாததால் எதிர்த்தரப்பு நிறைவேற்றுகையைத் தொடங்கியிருக்கலாம் என்று விளக்கம் கிடைத்தது. கேட்ட இடத்தில் கையொப்பமிட்டு, 2,000 ரூபாயும் கொடுத்துத் திரும்பினார். அங்கும் எதுவும் செய்யப்படவில்லை. ஆகஸ்டில் நிறைவேற்றுகைக் கட்டளை பிறந்த பின்னரே ஐயுற்று நேரே நீதிமன்றம் சென்று உண்மையை அறிந்தார். வழக்கறிஞர் அதற்குள் தொழிலை விட்டு ஒரு நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்திருந்தார்.

1995 ஆகஸ்டு 19-இல் அவர் புதிய மனுவைத் தாக்கல் செய்தார். தள்ளுபடியான நாளிலிருந்து கழிந்தவை 913 நாள். சட்டம் தந்த 30 நாளைக் கழித்தால் தாமதம் 883 நாள். விசாரணை நீதிமன்றம் அவர் விளக்கத்தை ஏற்றுத் தாமதத்தைப் பொறுத்தது. உயர் நீதிமன்றம் அவ்வாணையை மாற்றியது. உச்ச நீதிமன்றம் விசாரணை நீதிமன்றத்தின் ஆணையை மீட்டது. தாமதத்தின் நீளத்தைவிட விளக்கத்தின் ஏற்புடைமையே அளவுகோல் என்றும், காலவரையறை விதிகள் தரப்பினரின் உரிமையை அழிப்பதற்காக வகுக்கப்பட்டவை அல்ல என்றும் அது கூறியது. எதிர்த்தரப்பு அடைந்த தொல்லைக்கு ஈடாக 10,000 ரூபாய் செலுத்தும் நிபந்தனையையும் விதித்தது.

இவ்வழக்கில் அவர் வடசென்னை மாவட்ட நுகர்வோர் மன்றத்தையும் நாடி, வழக்கறிஞரிடமிருந்து 50,000 ரூபாய் இழப்பீட்டுக்கு ஆணை பெற்றிருந்தார். தம் விளக்கம் மெய்யானது என்பதற்கு அவருடைய இச்செயலும் துணைநின்றது. வழக்கறிஞர் பணி நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் வரம்பில் வாராது என்று உச்ச நீதிமன்றம் 2024 மே மாதத்தில் தீர்ப்பளித்துள்ளதால், இன்று அவ்வழி அடைபட்டுள்ளது. ஆதலால் தரப்பினர் தம் வழக்கின் நிலையைத் தாமே அறிந்துகொள்ளும் தேவை முன்னிலும் மிகுந்துள்ளது.

போதிய காரணம்

‘போதிய காரணம்’ எது என்பதைச் சட்டம் பட்டியலிடவில்லை. நோய், விபத்து, நெருங்கிய உறவினர் இறப்பு, நாள் மாறிக் குறித்துக்கொண்டமை, வழக்கறிஞர் தவறு ஆகியவை எடுத்துக்காட்டப்படுவன. வாராதவர் நேர்மையோடும் அக்கறையோடும் நடந்துகொண்டாரா என்பதையே நீதிமன்றங்கள் நோக்குகின்றன. நடைமுறை விதிகள் நீதியை எளிதாக்குவதற்கே உரியவை, தரப்பினரை இடறி விழச்செய்யும் பொறிகள் அல்ல என்னும் கருத்தைச் சங்கிராம் சிங் எதிர் கோட்டா தேர்தல் தீர்ப்பாயம் வழக்கில் 1955-இல் நீதிபதி விவியன் போஸ் நிலைநாட்டினார். தம்மாலியன்ற அனைத்தையும் செய்த தரப்பினர் வழக்கறிஞரின் வாராமைக்காகத் துன்புறலாகாது என்று 1981-ஆம் ஆண்டுத் தீர்ப்பு கூறியது. எனினும் இது விலக்கில்லாத விதி அன்று என 1993-ஆம் ஆண்டுத் தீர்ப்பு வரம்பு கட்டியது.

எதிர்த்தரப்பின் நிலையும் இங்கு எண்ணத்தக்கது. பிரதிவாதியும் கூலியை இழந்தே நீதிமன்றம் வருகிறார். வாதி வாராத ஒவ்வொரு நாளும் அவருக்குச் செலவு. வழக்கு முடியாதவரை அவருடைய சொத்தும் முடக்கம். வாராமைத் தள்ளுபடி என்னும் ஏற்பாடு அவரைக் காப்பதற்கும் உரியது. ஆகவே அவ்வேற்பாட்டைக் கைவிடுதல் தீர்வாகாது. அதன் தன்மையை உரியவர் அறியும்படி சொல்லுதலே வேண்டுவது.

சொல்லாக்கப் பரிந்துரைகள்

மேற்கண்ட ஆய்வின் அடிப்படையில் மூன்று சொல்லாட்சிகளை முன்வைக்கலாம். முதலாவது, 9-ஆம் கட்டளையின் 3, 8-ஆம் விதிகளின் கீழ் வரும் தள்ளுபடியை ‘வாராமைத் தள்ளுபடி’ என்றும், விசாரணை முடிந்து வருவதை ‘விசாரித்துத் தள்ளுபடி’ என்றும் பிரித்து வழங்குதல். ‘தவறுகை’ என்னும் சட்டச்சொல் கடன் தவணை தவறுதல் முதலியவற்றுக்கும் பொதுவாதலின், இவ்விடத்துக்கு ‘வாராமை’ மேலும் தெளிவானது. இரண்டாவது, ‘ஒருதலைப்பட்சத் தீர்ப்பு’ என்பதற்கு மாறாக ‘எதிர்த்தரப்பு வாராத் தீர்ப்பாணை’ என்று வழங்குதல். நடுவுநிலை பற்றிய ஐயத்துக்கு இதில் இடமில்லை. மூன்றாவது, வழக்கை மீட்கும் மனுவுக்கு ‘மீளக் கோப்பில் எடுக்கும் மனு’ என்னும் வழக்கை நிலைபெறச் செய்தல். வழக்கு அழியவில்லை, கோப்பிலிருந்து எடுக்கப்பட்டது மட்டுமே என்பதை அது உணர்த்தும்.

இவற்றுடன், தள்ளுபடி ஆணையின் தமிழ் நகலில் மூன்று செய்திகள் இடம்பெறுதல் நன்று: யார் வாராததால் தள்ளுபடியாயிற்று, எந்த விதியின் கீழ் ஆயிற்று, மீட்பு மனுவுக்குரிய கடைசி நாள் எது. மின்நீதிமன்றத் தளத்தில் வழக்கு முடிந்த தன்மை ‘எதிர்ப்புடன்’, ‘எதிர்ப்பின்றி’ என ஆங்கிலத்தில் பிரித்தே காட்டப்படுகிறது. பதினாறு எழுத்தெண்கள் கொண்ட வழக்கு அடையாள எண்ணை உள்ளிட்டால் எவரும் அதனைக் காணலாம். அங்குள்ள பகுப்பைத் தமிழ்ச் சொல்லிலும் கொணர்வதே இப்பரிந்துரைகளின் நோக்கம்.

முடிவுரை

வாராமையால் வரும் தள்ளுபடி, வழக்கின் நியாயத்தைத் தொடாத ஆணை. சட்டம் அதனைத் தீர்ப்பாணை என்று ஏற்பதில்லை. இரு தரப்பும் வாராதபோது புதிய வழக்குக்கும், வாதி மட்டும் வாராதபோது மீட்பு மனுவுக்கும் அது இடம் வைத்துள்ளது. தமிழ் வழக்கிலுள்ள ‘தள்ளுபடி’ இவ்வேறுபாடுகளை மறைக்கிறது. ‘ஒருதலைப்பட்சம்’ தரப்பினரின் குறையை நீதிபதியின் குறையாகக் காட்டுகிறது. முன்னிலையானவரைக் கேட்டே முடிவு செய்ய வேண்டும் என்னும் எண்ணம் சிலப்பதிகாரத்திலும் பெரியபுராணத்திலும் வேரூன்றியிருக்க, இக்கால நீதிமன்றத் தமிழ் அவ்வெண்ணத்துக்குரிய சொல்லைப் பெறாதிருத்தல் குறையே.

வேப்பம்பட்டிலிருந்து கும்மிடிப்பூண்டிக்கு வேலைக்குச் செல்பவரிடம் ‘வழக்கு தள்ளுபடி’ என்று சொன்னால் அவர் மறுநாளும் வேலைக்கே செல்வார். ‘வாராமைத் தள்ளுபடி, 30 நாளுக்குள் மனுச் செய்யலாம்’ என்று சொன்னால் அவர் நீதிமன்றம் செல்லும் நாளை எண்ணத் தொடங்குவார்.